வீட்டு வாசலில் நிழல் மரம்: உங்களுக்கு நேர்ந்தது என்ன?

பெரம்பூர்க்காரன்:

வர்தா புயலில் சென்னையில் எவ்வளவு மரம் போனது என்று எல்லோருக்கும் தெரியும், அதைச் சொல்ல வரவில்லை. அன்று, 2016 டிசம்பர் 12, எங்கள் வாசல் டைல்ஸ் மூச்சு விட்டதைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

மரம் பெருங்கொன்றை. வீட்டில் மஞ்சள் கொன்றை என்போம். சரக்கொன்றை இல்லை, துருப்பிடித்த தகடு மாதிரி காய் கொத்துக் கொத்தாகத் தொங்குமே, அது. 1998-இல் அப்பா வைத்தது. ஒரு பக்கம் காம்பவுண்டு சுவர், இன்னொரு பக்கம் தரைக்கடியில் தண்ணீர் சம்ப், இடையில் மரம். பத்தே வருடத்தில் மொட்டை மாடிக்கு மேல் குடை பிடித்துவிட்டது. கத்திரி வெயிலில் தெரு முனை ஆட்டோக்காரர்கள் எங்கள் வாசலில்தான் வண்டியைப் போட்டுத் தூங்குவார்கள்.

அன்று வடக்கிலிருந்து காற்று பேயாக அடித்தது. பிற்பகலில் சட்டென்று நின்றுபோனது. புயலின் கண் தலைக்கு மேல் போகிறது என்று எங்களுக்கு எப்படித் தெரியும்? முடிந்தது என்று அப்பா இறங்கிப் போய், விழுந்த கிளைகளை ஓரமாக இழுத்துப் போட ஆரம்பித்தார். நான் படியில் நின்றேன். அப்புறம் தெற்கிலிருந்து கிளம்பியது. மரத்தடி டைல்ஸ் பூரி மாதிரி உப்பியது. இறங்கியது. மறுபடி உப்பியது. ஒவ்வொரு வீச்சுக்கும் அப்படித்தான். நான் பார்த்துக்கொண்டே நின்றேன், "தள்ளி வாங்கப்பா" என்று வாயில் வரவில்லை. அம்மா டீ ஆறிப்போகிறது என்று கூப்பிட்டதால் அவர் உள்ளே வந்தார். வந்ததும் மரம் சாய்ந்தது. முறியவில்லை, சாப்பாட்டுத் தட்டைக் கவிழ்த்த மாதிரி வேரோடு புரண்டது. வேர் இரண்டடி ஆழம்கூட இறங்கியிருக்கவில்லை.

அந்த டைல்ஸ் இன்னும் கனவில் வருகிறது.

திருவான்மியூர் வீட்டம்மா:

எங்கள் வீட்டில் புன்னை. மயிலாப்பூர் கபாலீஸ்வரர் கோவில் தல விருட்சம் அதுதான் என்று அத்தைதான் ஆசைப்பட்டுக் கேட்டார்கள். இவருக்கோ சீக்கிரம் வளர்கிற மயில்கொன்றை, குல்மோகர் என்கிறார்களே, அது வேண்டும். கடைசியில் அத்தை சொன்னதே நடந்தது, 2006-இல் வைத்தோம். கடற்கரை மணல், உப்புக் காற்று, எதற்கும் அந்த மரம் அசையவில்லை. வளரவும் இல்லை! வருடத்துக்கு ஒரு சாண் என்று சொன்னால்கூட மரத்துக்குக் கொஞ்சம் அதிகமாகத்தான் மார்க் போடுகிறேன். "இது மரமா, துளசிச் செடியா?" என்று இவர் கேலி செய்யாத நாள் கிடையாது.

அத்தைக்கு உடம்பு முடியாமல் இருந்த வருடம், ஏப்ரலில் ஒரு நாள், மரத்தடியில் நாற்காலி போடச் சொன்னார்கள். போட்டேன். நிழல் அவர்கள் முழங்கால் வரைதான் இருந்தது, முகத்தில் வெயில். நாற்காலியை எப்படித் திருப்பினாலும் இதே கதை. நான் உள்ளே கூட்டிப் போகிறேன் என்றதற்கு விசிறியை நெற்றிக்கு மேல் பிடித்துக்கொண்டு, "இருக்கட்டும்மா, முழங்கால் வரைக்கும் வந்தாச்சே" என்றார்கள்.

இப்போது அந்த நிழலில் பத்துப் பேர் உட்காரலாம். பூக்கிற நாளில் வாசம் தெரு முனை வரை போகும்.

கட்டடக்காரர்:

பெரம்பூர் சார், மரத்தைக் குறை சொல்லாதீர்கள். பெருங்கொன்றையும் மயில்கொன்றையும் நம் ஊருக்கு வந்த விருந்தாளிகள்தான், வர்தாவில் நிறைய விழுந்தவையும் அவைதான், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் மூன்று பக்கம் சிமெண்ட் போட்டு மூடினால் வேர் எங்கே போகும்? தண்ணீர் மேலே மட்டும் கிடைத்தால் மேலேயேதான் சுற்றும். டைல்ஸ் போட்டவரைக் கேளுங்கள்.

என் அனுபவம் சின்னது. பக்கத்து மனையில் நாட்டு வாதாம் மரம், அதன் வேர் என் வீட்டுக் கழிவுநீர்க் குழாய்க்குள் போய் அடைத்துவிட்டது. தோண்டிப் பார்த்தால் குழாயின் இணைப்பு முன்பே கசிந்திருக்கிறது, ஈரத்தை மோந்து வேர் வந்திருக்கிறது. அவ்வளவுதான்.

ஆனால் வீடு கட்டுகிறவர்கள் சிலதைத் தெரிந்துகொள்ள வேண்டும். எல்லோரும் மரம் நடுவதற்கு வசதியான மூலையைத்தான் பார்க்கிறார்கள், வெயில் வரும் மூலையைப் பார்ப்பதில்லை. சென்னையில் ஏப்ரல் 24-ஐ ஒட்டி நிழலில்லா நாள் வரும், நட்டநடு உச்சியில் சூரியன். அதற்குப் பிறகு ஆகஸ்ட் பாதி தாண்டும் வரை நடுப்பகலில் சூரியன் நமக்கு வடக்கேதான் நிற்கும். கத்திரியில் நேர் மேற்கிலும் மறையாது, வடக்கே ஒதுங்கி மறையும். அதனால் தெற்கு வாசலில் மரத்தை வைத்துவிட்டு மே மாதம் ஹால் வேகிறதே என்றால் என்ன செய்ய? மேற்கிலும் வடமேற்கிலும் வையுங்கள். கிழக்கே வைத்தால் அடிக்கிளையைக் கழித்து, குடையை மேலே ஏற்றிவிடுங்கள். மதியம் வரும் கடல் காற்று அடியில் புகுந்து வரட்டும்.

அப்புறம் மண். பெசன்ட் நகர், திருவான்மியூர் மணல் வேறு. மேற்கே பல இடங்களில் களிமண். களிமண்ணில் பெரிய மரம் கோடையில் நீரை உறிஞ்சினால் மண் சுருங்கும், ஆழமில்லாத அஸ்திவாரம் விரிசல் விடும். அங்கே சுவரை ஒட்டி வைக்கவே கூடாது. நர்சரியில் ஆறடி உயரக் கன்று என்று ஆசைப்படாதீர்கள், பையைக் கிழித்து வேரைப் பாருங்கள். பைக்குள் வட்டமடித்துச் சுற்றின வேர் மண்ணுக்கு வந்தும் சுற்றிக்கொண்டேதான் இருக்கும், பிற்பாடு அந்த மரம்தான் காற்றில் முதலில் சாயும். முட்டுக்கொம்பை இறுக்கிக் கட்டாதீர்கள், கொஞ்சம் ஆடினால்தான் அடிமரம் பருக்கும். தினமும் ஒரு செம்பு ஊற்றுவதைவிட வாரம் இருமுறை நன்றாக ஊற்றுங்கள், வேர் கீழே இறங்கும்.

எனக்குப் பிடித்தது புங்கம். மாசி, பங்குனியில் இலை உதிர்த்து, கத்திரிக்கு முன்னால் புதுத் தழையோடு தயாராகிவிடும். இதைவிடப் புத்திசாலி மரம் உண்டா?

மொகப்பேர் மாடி:

நாட்டு மரம் விழாது என்று யாரும் கிளம்பிவிட வேண்டாம். அதே வர்தாவில் எங்கள் வேம்பு விழுந்தது. வடிகாலுக்குப் பள்ளம் தோண்டும்போது ஒரு பக்க வேரை முழுக்க வெட்டியிருந்தார்கள். விழுந்ததும் அந்தப் பக்கம்தான் தெரிந்தது, ரம்பம் போட்ட மாதிரி நேராக இருந்தது. வேறொன்றும் எழுதத் தோன்றவில்லை.

அண்ணா நகர் கார்னர் பிளாட்:

கட்டடக்காரர் சொன்னதைப் பார்த்தால் எங்கள் அப்பா செய்தது கொலைக்குற்றம். 40-க்கு 60 அடி மனை, 2400 சதுர அடி, ஒரு கிரவுண்டு, அதில் தூங்குமூஞ்சி மரம் வைத்தார். அந்த மரம் உயரத்தைவிட அகலத்தில்தான் வளரும். 80 அடிக்கு விரிந்தால் குடை மட்டும் 5000 சதுர அடி, இரண்டு கிரவுண்டுக்கு மேல். அது அமெரிக்கக் கண்டத்துக் காட்டு மரம், போட் கிளப் சாலை மாதிரி இடத்துக்குச் சரி. எங்களுக்கோ பாதி மரம் பக்கத்து வீட்டில் இருந்தது.

பக்கத்து வீட்டு அக்கா ஞாயிற்றுக்கிழமைதோறும் மாடியைக் கூட்டி, இலையும் காயும் மூட்டை கட்டி, எங்கள் கேட்டில் வைத்துவிட்டுப் போவார். பேச்சு கிடையாது, மூட்டை மட்டும். அந்தக் காய் இனிப்பு, மாடு விரும்பித் தின்னும் என்று அம்மா ஒருமுறை சமாதானம் சொன்னதற்கு, "எங்க மாடியில மாடு கட்டலியே" என்றாராம். வடகம், வற்றல் காயப்போட அவருக்கு இடமில்லை, நியாயம்தான். அந்தி சாய்ந்தால் இலை மூடிக்கொள்ளும், மேகம் கருத்தாலும் மூடும், மழை நேராக அடியில் இறங்கும். எனக்கு அதுதான் பிடிக்கும், ஸ்கூல் விட்டு வந்ததும் இலை மூடுகிறதா என்று பார்ப்பேன்.

ஒரு நாள் பெரிய கிளை முறிந்து அவர்கள் கார் மேல் விழுந்தது. உரிய அனுமதி வாங்கி வெட்டினோம். வெட்டி முடிக்க மூன்று நாள். அடுத்த மே மாதம், மதியம் இரண்டு மணி இருக்கும், அக்கா எங்கள் வீட்டுக்கு வந்தார். எத்தனையோ வருடத்தில் முதல்முறையாக உள்ளே வந்து சோபாவில் உட்கார்ந்தார். மரம் இருந்த பக்கத்து ஜன்னலைப் பார்த்துக்கொண்டே, "எங்க ஹால் சுவரத் தொட முடியல தம்பி" என்றார். என்ன பதில் சொல்வது? மோர் கொடுத்தேன். குடித்துவிட்டுப் போனார்.

இந்த ஞாயிற்றுக்கிழமையும் காலையில் கேட்டைத் திறந்ததும் கீழே பார்த்தேன். பழக்கம்.

திருவான்மியூர் வீட்டம்மா:

மாடி, கார்னர் பிளாட் தம்பி, கிளைகளை அவ்வப்போது கழித்துவிட்டிருக்கலாமே?

அண்ணா நகர் கார்னர் பிளாட்:

கழித்தோமே. ஆட்கள் வந்து மொட்டையடித்துவிட்டுப் போனார்கள். வெட்டின இடத்தில் கொத்தாகத் துளிர்த்த கிளைகளுக்குப் பிடிப்பே இல்லை. காரின் மேல் விழுந்தது அப்படி ஒன்றுதான்.

பெரம்பூர்க்காரன்:

கட்டடக்காரர் டைல்ஸ் போட்டவரைக் கேட்கச் சொன்னார். அது நான்தான். 2013-இல் கார் வாங்கினேன், மரத்தடியில் நிறுத்தினால் சேறு. அப்பா மரத்தைச் சுற்றி ஒரு முழமாவது மண் விடச் சொன்னார். வாளி வைக்கிற அளவுக்கு ஒரு வட்டம் விட்டேன், அதையும் மேஸ்திரி பூசிவிட்டார், நான் கவனிக்கவில்லை என்று சொல்லிக்கொள்கிறேன். உண்மையில் பார்த்தேன், பார்க்க அழகாக இருந்தது.

இப்போது எட்டடிக்கு எட்டடி டைல்ஸைப் பெயர்த்துவிட்டோம். 2017-இல் அப்பா புங்கம்தான் வைத்தார், முதல் மாடி ஜன்னலைத் தாண்டிவிட்டது. காற்று வலுத்தால் அப்பா மரத்தைப் பார்ப்பதில்லை, தரையைத்தான் பார்க்கிறார். அவரும் அன்று பார்த்திருக்கிறாரோ என்னவோ. நான் கேட்கவில்லை.

கட்டடக்காரர்:

தெரியாமல் எழுதிவிட்டேன் சார், மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். சம்ப் அதே இடத்தில்தானே இருக்கிறது? ஒருமுறை தண்ணீரை இறைத்துவிட்டு, மரம் இருக்கிற பக்கச் சுவரில் மட்டும் டார்ச் அடித்துப் பாருங்கள்.