கலைச்சொல்: விளையாட்டுச் செயலிகளில் பேக்கப், ரீஸ்டோர், ரீசெட்

குழுவினருக்கு வணக்கம்.

கட்டற்ற மென்பொருளாக வரும் புதிர் விளையாட்டு ஒன்றைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். அமைப்புகள் பக்கத்தில் வந்து மாட்டிக்கொண்டேன். அங்கே மூன்று பொத்தான்கள். ஆடியவரை உள்ளதைப் பத்திரப்படுத்த ஒன்று. பத்திரப்படுத்தியதைத் திரும்பக் கொண்டுவர ஒன்று. எல்லாவற்றையும் துடைத்துவிட்டு முதல் கட்டத்திலிருந்து ஆட ஒன்று. எனக்கு முன்னால் யாரோ எந்திர மொழிபெயர்ப்பில் போட்டுவைத்த சரங்கள் (திரையில் வரும் சொற்றொடர்கள்) இவை:

முன்னேற்றத்தைக் காப்புப் பிரதி எடு
முன்னேற்றத்தை மீட்டமை
முன்னேற்றத்தை மீட்டமை

அச்சுப்பிழை இல்லை. ரீஸ்டோருக்கும் ரீசெட்டுக்கும் ஒரே சொல்தான் விழுந்திருக்கிறது. புதுத் திறன்பேசி வாங்கியவர், பழைய ஆட்டத்தைத் தொடரலாம் என்று கீழே உள்ளதைத் தொட்டால், “உறுதியா? இதைத் திரும்பப் பெற முடியாது” என்று ஒரு பெட்டி வரும். மேலே “மீட்டமை” என்று படித்துவிட்டு வந்தவர் அதற்கும் “ஆம்” என்றுதான் சொல்வார். ஆட்டம் போச்சு.

இன்னொரு சிக்கல் ‘முன்னேற்றம்’. அது வாழ்க்கையில் முன்னேறுவதைச் சொல்கிற சொல். பிரித்து வைக்கவோ எடுத்துப் போகவோ முடிகிற ஒரு பொருளை அது காட்டவில்லை. ‘ஆட்டநிலை’ என்று போட்டுப் பார்த்தேன். ஆனால் பல விளையாட்டுகளில் லெவலுக்கே ‘நிலை’ என்றுதான் இருக்கிறது. ‘ஆட்டநிலை மீண்டது’ என்றால் எந்த நிலை, 12ஆம் நிலையா என்று கேட்பார்கள். ‘ஆட்டத்தடம்’ எனக்குப் பிடித்திருக்கிறது. உங்கள் கருத்து வேண்டும்.

* * *

அக்கா, வணக்கம்.

சொல் தேடுவதற்கு முன் பொருளைப் பிரித்துக்கொள்ள வேண்டும். பேக்கப் என்று நாம் ஒரே பெயரில் அழைப்பது உண்மையில் மூன்று வெவ்வேறு வேலைகள். மூன்றுக்கும் ஒரே சொல் போட்டால் ஆடுபவர் ஏமாறுவார்.

ஒன்று, இயங்குதளம் தானாகச் செய்வது. ஆண்ட்ராய்டு 6.0 முதல், செயலியின் தரவைக் கூகுள் கணக்குக்கு அனுப்பிவைக்கும் வசதி உண்டு. செயலி ஒன்றுக்கு 25 எம்.பி. வரைதான். வைஃபை இருக்க வேண்டும், திறன்பேசி சும்மா கிடக்க வேண்டும், முந்தைய காப்பு எடுத்து 24 மணி நேரமாவது ஆகியிருக்க வேண்டும். அதனால் இன்று மாலை ஆறு கட்டம் தாண்டிவிட்டு இரவே திறன்பேசியைத் தொலைத்தால் அந்த ஆறு கட்டமும் அதில் இருக்காது. விளையாட்டை எழுதியவர் நிரலில் ஒரே ஒரு வரியால் இந்த வசதியை அணைத்தும் வைக்கலாம். அது ஆடுபவருக்குத் தெரியவே வராது. ஐபோனில் ஐகிளவுட் காப்பு, கருவி முழுவதையும் சேர்த்து எடுக்கும். புதுக் கருவியை அமைக்கும்போது மொத்தமாகத்தான் இறங்கும். ஒரு விளையாட்டை மட்டும் பிரித்து இறக்க முடியாது. விலையில்லாமல் கிடைக்கும் 5 ஜி.பி. இடம் நிரம்பிவிட்டால் காப்பு அப்படியே நின்றுவிடும்.

இரண்டு, விளையாட்டே தன் ஆட்டத்தை மேகத்தில், அதாவது இணையவழிச் சேமிப்பில், எழுதிவைப்பது. கூகுள் பிளே கேம்ஸ் இதற்கென்று ஒவ்வொரு சேமிப்புக்கும் 3 எம்.பி. வரை இடம் தருகிறது. அடையாளத்துக்கு ஒரு படத்தையும் சேர்த்து வைக்கலாம். இதற்கு 24 மணி நேரக் கணக்கெல்லாம் கிடையாது. விளையாட்டு எப்போது எழுதச் சொல்கிறதோ அப்போது எழுதும்.

மூன்று, ஆட்டமே வழங்கியில் (சர்வரில்) நடப்பது. பலர் சேர்ந்து ஆடும் விளையாட்டுகள் பெரும்பாலும் இப்படித்தான். இங்கே காப்பு என்று தனியாக எதுவும் இல்லை. அசல் வழங்கியில் இருக்கிறது, கையில் இருப்பதுதான் நகல். கணக்கோடு இணைத்திருந்தால் எந்தக் கருவியிலும் தொடரலாம். ‘விருந்தினர்’ என்று நுழைந்து ஆடியிருந்தால் செயலியை நீக்கியதோடு தொடர்பு அறுந்துபோகலாம். ஆண்ட்ராய்டு திறன்பேசிக்குத் தரும் அடையாள எண்ணை வைத்து ஆளைக் கண்டுகொண்ட விளையாட்டுகள் முன்பு இருந்தன. கருவியை ஆலை நிலைக்குக் கொண்டுபோனால் (ஃபேக்டரி ரீசெட்) அந்த எண்ணும் மாறிவிடும். 2017இல் வந்த ஆண்ட்ராய்டு 8 முதல் அந்த எண்ணே செயலியை வெளியிட்டவருக்குத் தக்கபடி வேறுபடுகிறது.

உங்கள் புதிர் விளையாட்டில் பொத்தானைத் தொட்டால் கோப்பு ஒன்று உருவாகிறதா, மேகத்துக்குப் போகிறதா? அதைச் சொன்னால் சொல்லைப் பற்றிப் பேசலாம்.

* * *

தம்பி, விரிவான விளக்கத்துக்கு நன்றி. கோப்புதான். தொட்டால் எங்கே வைப்பது என்று கேட்டு ஒரு கோப்பை எழுதுகிறது. அதை ஆடுபவரே வேறு கருவிக்கு எடுத்துப்போக வேண்டும். அடுத்த பதிப்பில் மேகமும் வரப்போவதாக நிரலர்கள் சொல்கிறார்கள். ஆகவே சொற்கள் இரண்டுக்கும் பொருந்த வேண்டும்.

* * *

அம்மா, தம்பி, இருவருக்கும் வணக்கம்.

‘மீட்டமை’ ஏன் இரண்டு பக்கமும் சாய்கிறது என்று பாருங்கள். ‘மீட்டு அமை’ என்று பிரித்தால், போனதை வாங்கி வந்து வை என்று பொருள். ‘மீட்டும்’ என்பதற்கு ‘மறுபடியும்’ என்ற பொருளும் தமிழில் பழையதுதான். அந்த வழியில் போனால் ‘திரும்ப முதலிலிருந்து அமை’ என்று வருகிறது. ரீஸ்டோருக்கு இதைப் போட்டவரும் தவறு செய்யவில்லை, ரீசெட்டுக்குப் போட்டவரும் தவறு செய்யவில்லை. கடவுச்சொல்லை மீட்டமை என்று எங்கும் புழங்கிவிட்டது, அதைப் பிடுங்க முடியாது. ஆகவே விளையாட்டுச் செயலியில் இந்தச் சொல்லையே தொடாதீர்கள். இரண்டில் எதற்கும் வேண்டாம்.

திரும்பக் கொண்டுவர ‘மீட்டெடு’. அதில் குழப்பம் இல்லை. துடைத்துவிட்டு ஆடுவதற்கு ‘அழித்துத் தொடங்கு’. ‘முதலிலிருந்து தொடங்கு’ என்றால் இப்போதைய கட்டத்தை மட்டும் மறுபடி ஆடுவது என்று நினைப்பார்கள். இழப்பைச் சொல்லும் வினை பொத்தானிலேயே இருக்க வேண்டும். எச்சரிக்கைப் பெட்டியை யாரும் படிப்பதில்லை.

பேக்கப்புக்கு வினையாகக் ‘காப்பெடு’, பெயராகக் ‘காப்புநகல்’. ‘காப்புப் பிரதி’யை விடச் சுருக்கம்.

* * *

எல்லோருக்கும் வணக்கம். நான் இங்கே வாசிப்பதோடு சரி, ஆனால் ஆடுகிறவன் என்ற முறையில் ஒரு வார்த்தை.

‘காப்பெடு’ என்பதை அவசரத்தில் ‘காப்பி எடு’ என்றுதான் படித்தேன். ‘சேவ்’ என்று எல்லோரும் சொல்கிறோம். “சேவ் பண்ணியா?”, “என் சேவ் போச்சுடா” என்றுதான் பேச்சே. அதையே தமிழ் எழுத்தில் போட்டால் என்ன?

* * *

காப்பி எடு என்று படித்தாலும் பொருள் கெடவில்லையே தம்பி, நகல்தானே எடுக்கிறார்கள். அதனால் பாதகமில்லை.

* * *

> ‘சேவ்’ என்று எல்லோரும் சொல்கிறோம்

சேவ் நல்ல சொல்தான், ஆனால் ஆட்டத்தின் நடுவே சேமிப்பது ஒன்று, அதைக் கருவிக்கு வெளியே எடுத்து வைப்பது இன்னொன்று. நமக்கு இப்போது சிக்கலே அந்த வேறுபாடுதான். பழைய விளையாட்டுகளில் கட்டம் முடிந்தால் எழுத்தும் எண்ணும் கலந்த ஒரு குறியீட்டைத் திரையில் காட்டுவார்கள். தாளில் எழுதிவைத்துக்கொண்டு மறுநாள் அதை உள்ளிட்டால் விட்ட இடத்திலிருந்து ஆடலாம். அப்போது சேவும் பேக்கப்பும் ஒன்றே, இரண்டும் தாளில்தான். லெஜண்ட் ஆஃப் செல்டா என்ற விளையாட்டு 1987இல் மின்கலம் வைத்த கார்ட்ரிட்ஜாக வந்தபோது, சேமிப்பு கருவிக்குள் போய்விட்டது. மின்கலம் தீர்ந்தால் சேமிப்பும் போகும். திறன்பேசியிலும் அதே கதைதான், உள்ளே சேமித்திருக்கிறது என்பதால் வெளியே பத்திரமாக இருக்கிறது என்று ஆகாது. “சேவ் ஆகியிருந்ததே, எப்படிப் போகும்?” என்று கேட்பவர்கள் எல்லாம் இந்த இடத்தில்தான் தடுக்கி விழுகிறார்கள்.

அக்கா, ‘ஆட்டத்தடம்’ பற்றி. கேட்க அழகு. ஆனால் தடம் என்றால் வந்த வழி. சேமிப்புக் கோப்பைத் திறந்து பார்த்தால் வந்த வழி பெரும்பாலும் இருக்காது. எத்தனையாவது கட்டம் திறந்திருக்கிறது, நாணயம் எவ்வளவு, எந்தப் பாத்திரங்கள் கையில், ஒலி அணைத்திருக்கிறதா, இவ்வளவுதான். வரவு செலவுப் பட்டியல் கிடையாது, கடைசி வரியில் உள்ள இருப்பு மட்டும். அதனால் ‘ஆட்ட இருப்பு’ என்று வைக்கலாமா? இருப்பைக் காப்பெடு, இருப்பை மீட்டெடு. கருவியில் உள்ளது கருவியிருப்பு, மேகத்தில் உள்ளது மேகவிருப்பு, வழங்கியில் உள்ளது வழங்கியிருப்பு. மூன்று இடங்களுக்கான சொற்களும் ஒரே வேரில் வந்துவிடுகின்றன.

* * *

தம்பி, ‘மேகவிருப்பு’ வேண்டாம். மேக + விருப்பு என்று பிரித்து, மேகத்துக்கு என்ன ஆசை என்று கேட்பார்கள். ‘மேக இருப்பு’ என்று பிரித்தே எழுதுங்கள்.

‘இருப்பு’ நல்ல தேர்வு. எனக்குத் தோன்றும் ஒரே குறை, அதைக் கேட்டால் நாணயம் மட்டும்தான் நினைவுக்கு வரும்.

* * *

அதுதான் நானும் நினைத்தேன் ஐயா. எங்கள் விளையாட்டின் மேல் ஓரத்திலேயே ‘நாணய இருப்பு’ என்று ஒரு சரம் இருக்கிறது. ஆனால் ‘ஆட்ட’ என்ற அடைமொழி தனியாக நிற்பதால் தாங்கும் என்று படுகிறது. நாணயத்துக்கு ‘இருப்பு’ என்பதை எடுத்துவிட்டு எண்ணை மட்டும் காட்டச் சொல்லிவிடுகிறேன்; பக்கத்தில் நாணயப் படம் இருக்கும்போது சொல் எதற்கு?

ஒரு சரம் மட்டும் சிரிப்பு மூட்டியது. கோப்பு எங்கே எழுதப்படுகிறது என்று காட்டும் வரிக்குத் தலைப்பு வேண்டும். கோப்பின் பாதை. பழக்கத்தில் ‘இருப்புப் பாதை’ என்று தட்டிவிட்டுப் பார்த்தால் ரயில் ஓடுகிறது! ‘கோப்பு உள்ள இடம்’ என்று மாற்றிவிட்டேன்.

மேகம் வரப்போவதால் இன்னொரு திரையையும் இப்போதே எழுதிப் பார்த்தேன். இரண்டு கருவிகளில் ஆடி, ஒன்று இணையம் இல்லாமல் இருந்து, பிறகு இணைந்தால் வருவது:

ஆட்ட இருப்பு இரண்டு இடத்தில் வேறுபடுகிறது.
இந்தக் கருவியில்: கட்டம் 58, நாணயம் 2,140, நேற்று இரவு
மேகத்தில்: கட்டம் 62, நாணயம் 300, இன்று காலை
[கருவியில் உள்ளதை வை] [மேகத்தில் உள்ளதை வை]

இதற்கு ‘மோதல்’ என்று தலைப்பு போடச் சொல்கிறார்கள். சண்டைக் காட்சி வரும் விளையாட்டில் அது எடுபடாது.

* * *

நிரலர்களுக்கான ஆவணத்தில் ‘முரண்’ என்று வைத்துக்கொள்ளலாம் அக்கா. ஆடுபவர் திரையில் தலைப்பே வேண்டாம், நீங்கள் எழுதிய முதல் வரி போதும். பிளே கேம்ஸில் இந்த முரணைத் தானாகத் தீர்க்க நிரலர் வழி சொல்லிவைக்கலாம்: கடைசியாக மாறியதை எடு, அதிக நேரம் ஆடியதை எடு, அதிகம் முன்னேறியதை எடு, இப்படி. ஆனால் உங்கள் எடுத்துக்காட்டிலேயே பாருங்கள். கட்டத்தில் மேகம் முன்னே, நாணயத்தில் கருவி முன்னே. எந்த விதியைப் போட்டாலும் ஒருவர் கோபப்படுவார். ஆளைக் கேட்பதே சரி.

‘வை’ என்ற பொத்தானில் ஒரு குறை. மற்றது என்ன ஆகும் என்று சொல்லவில்லை. சிலர் இரண்டையும் கூட்டிவிடும் என்று நினைப்பார்கள்.

* * *

இரண்டு பொத்தானுக்கும் கீழே ஒரே வரி: ‘தேர்ந்தெடுக்காதது அழிந்துவிடும்.’ போதும்.

ஆடும் தம்பிக்கு ஒரு கேள்வி. ‘விருந்தினர்’ என்று ஆடினால் தொடர்பு அறும் என்றார்களே, அந்தப் பொத்தானை நீங்கள் எப்படிப் புரிந்துகொள்கிறீர்கள்?

* * *

ஐயா, உண்மையைச் சொன்னால் “இப்போதைக்கு விடு, பிறகு பார்க்கலாம்” என்றுதான். பதிவு செய்யச் சோம்பல், அவ்வளவுதான். பிறகு பார்ப்பதும் இல்லை. ‘கணக்கு இல்லாமல் ஆடு’ என்று போட்டால் கொஞ்சம் யோசிப்பேன். கூடவே சின்ன எழுத்தில் ‘செயலியை நீக்கினால் ஆட்டம் போய்விடும்’ என்று இருந்தால் பயமே வரும்.

இன்னொன்று. பழைய திறன்பேசியில் செயலியின் கோப்புறையைத் திறந்து சேமிப்பை நகலெடுக்க நண்பர்களுக்குச் சொல்லிக்கொடுப்பேன். இப்போது அந்தக் கோப்புறையையே கோப்பு மேலாளர் காட்ட மறுக்கிறது. அதற்கும் சொல் தேவையா?

* * *

அதற்குச் சொல் தேவையில்லை, விளக்கம்தான் தேவை. ஆண்ட்ராய்டு 11 முதல் ஒரு செயலியின் தரவுக் கோப்புறையை மற்றச் செயலிகள் பார்க்க முடியாமல் பூட்டிவிட்டார்கள். கணினியில் இணைத்து ஏ.டி.பி. என்ற நிரலர் கருவியின் கட்டளையால் காப்பெடுக்கும் பழைய வழியும், ஆண்ட்ராய்டு 12ஐக் குறிவைத்து எழுதிய செயலிகளின் தரவைத் தொடாது. ஆக, விளையாட்டே வழி வைத்திருந்தால்தான் உண்டு. அக்காவின் விளையாட்டில் அந்தப் பொத்தான் இருப்பது பெரிய விஷயம்.

* * *

எல்லோருக்கும் நன்றி. விளையாட்டின் நிரல் களஞ்சியத்தில் ஏற்றிவிட்டேன்:

ஆட்ட இருப்பைக் காப்பெடு
ஆட்ட இருப்பை மீட்டெடு
அழித்துத் தொடங்கு

‘கணக்கு இல்லாமல் ஆடு’ மேகப் பதிப்போடு சேரும். மூன்றாவது பொத்தானை மற்ற இரண்டையும் விட்டுத் தள்ளி, பக்கத்தின் அடியில் வைக்கும்படி நிரலர்களிடம் கேட்டிருக்கிறேன். சிறிய திரையில் ‘ஆட்ட இருப்பைக் காப்பெடு’ இரண்டு வரியாக மடிகிறது. ‘இருப்பைக்’ என்பதன் ஒற்று அடுத்த வரிக்குத் தனியாகப் போய் நிற்கிறது. எழுத்துரு தெரிந்தவர்கள் யாராவது பார்த்துச் சொல்ல முடியுமா?