30 லட்சம் வீட்டுக்கடன், 20 வருஷம்: கடைசியில் கையை விட்டுப் போவது எவ்வளவு?

கே_பட்டணம் (கேள்வி)

எல்லாருக்கும் வணக்கம். காவேரிப்பட்டணம் பக்கத்துல அப்பா பேர்ல டிடிசிபி (நகர் ஊரமைப்பு இயக்ககம்) அனுமதி பெற்ற ஒரு மனை இருக்கு. அதுல வீடு கட்டப்போறோம். கிருஷ்ணகிரியில ஒரு அரசு வங்கியில 30 லட்சம், 20 வருஷம், 8.5 சதவீதம் மாறும் வட்டி, மாசம் 26,035 ரூபாய் தவணைன்னு சொல்லியிருக்காங்க. எனக்கு ஓசூர் சிப்காட்ல வேலை, மாசச் சம்பளம். அது போக மாந்தோப்புக் குத்தகைப் பணம் வருஷத்துக்கு ஒரு தடவை, ஜூன் ஜூலையில ஒரு லட்சத்துல இருந்து ஒன்றரை லட்சம் வரைக்கும் வரும்.

30 வருஷமா போட்டா தவணை குறையும், கஷ்டம் தெரியாதுன்னு வீட்ல சொல்றாங்க. கடனோட 90,000 ரூபாய்க்கு இன்சூரன்ஸும் சேர்த்துக்கணும்னு கிளையில சொன்னாங்க. எல்லாம் சேர்த்து இந்தக் கடனோட உண்மையான விலை என்ன? எங்கே கவனிக்காம விட்டா அடி விழும்? தெரிஞ்சவங்க விவரமா சொல்லுங்க.

கணக்கன்

முதலில் கூட்டல் கணக்கு. 26,035 ரூபாய் வீதம் 240 தவணை என்றால் 62 லட்சத்து 48 ஆயிரம். அதில் வட்டி மட்டும் 32 லட்சத்து 48 ஆயிரம். வாங்கிய அசலைவிட வட்டி அதிகம்.

ஆனால் இந்த ஒரு எண்ணை மட்டும் பார்த்தால் பாதிதான் புரியும். முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 30 லட்சத்துக்கு 8.5 சதவீதம், அதை 12ஆல் வகுத்தால் 21,250 ரூபாய் வட்டி. மீதி 4,785 ரூபாய்தான் அசலில் கழிகிறது. முதல் வருடம் முழுக்க 3 லட்சத்து 12 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், அசல் குறைந்திருப்பது 60 ஆயிரத்துக்கும் கொஞ்சம் கீழே. ஐந்து வருடம் முடியும்போது 15 லட்சத்து 62 ஆயிரம் கட்டி முடித்திருப்பீர்கள், நிலுவையோ 26 லட்சத்து 44 ஆயிரமாக நிற்கும். தவணையில் அசல் பங்கு வட்டிப் பங்கைத் தாண்டுவதற்கே பன்னிரண்டு வருடம் ஆகிவிடும்.

இதில் வங்கி எந்த ஏமாற்றும் செய்யவில்லை. வட்டி என்பது அந்த மாதம் இருக்கும் நிலுவைக்குத்தான். ஆரம்பத்தில் நிலுவை பெரியது, அதனால் வட்டியும் பெரியது. ஆகவே கடனின் விலையைக் குறைக்க வேண்டுமானால் நிலுவையைச் சீக்கிரம் இறக்குவது ஒன்றே வழி.

இப்போது 30 வருட யோசனைக்கு வருவோம். தவணை 23,067 ஆகும். மாதம் 2,968 ரூபாய் மிச்சம். மொத்தம் கட்டுவது 83 லட்சத்து 4 ஆயிரம், அதாவது 20 வருடக் கடனைவிட 20 லட்சத்து 56 ஆயிரம் கூடுதல். எதிர்ப்பக்கம் 15 வருடமாகப் போட்டால் தவணை 29,542, மொத்தம் 53 லட்சத்து 18 ஆயிரம். மாதம் மூவாயிரத்து ஐந்நூறு கூடக் கட்டினால் 9 லட்சத்து 30 ஆயிரம் மிச்சம். சம்பளத்தில் தவணை போக வீட்டுச் செலவுக்குத் தாராளமாக நிற்குமென்றால் 15க்கும் 20க்கும் நடுவில் யோசியுங்கள். 30 பக்கம் போகவே வேண்டாம்.

பாகலூர்_ரோடு

மேலே சொன்ன கணக்கெல்லாம் 20 வருஷமும் வட்டி 8.5லயே நிக்கும்னு வெச்சுப் போட்டது. மாறும் வட்டிக் கடன்ல அது நடக்காதுங்க. பெரிய அடி விழுறதும் இங்கேதான்.

2019 அக்டோபர்ல இருந்து வங்கிகள் கொடுக்கிற மாறும் வட்டி வீட்டுக்கடன் வெளி அளவுகோலோட கட்டப்பட்டிருக்கு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியோட ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கிற வட்டி. ரெப்போ மாறினா அதிகபட்சம் மூணு மாசத்துல உங்க வட்டியும் மாறும். 2022 மே மாசத்துக்கும் 2023 பிப்ரவரிக்கும் நடுவுல ரெப்போ 4 சதவீதத்துல இருந்து 6.5 ஆச்சு. ஒரு வருஷம்கூட ஆகலை, இரண்டரை சதவீதம் ஏறிடுச்சு. அப்போ நிறைய பேருக்குத் தவணைத் தொகை ஏறலை, அதனால ஒண்ணும் தெரியலை. காலம் மட்டும் நீண்டுக்கிட்டே போச்சு.

உங்க கடனையே எடுத்துக்கோங்க. வாங்கின கையோட வட்டி 9.5 ஆச்சு, தவணை அதே 26,035ன்னு வைங்க. 240 மாசம் 309 மாசமா ஆகும், மொத்தம் 80 லட்சத்தைத் தாண்டும். அதுக்குப் பதிலா தவணையை 27,964ஆ ஏத்திக்கிட்டா 20 வருஷத்துலயே முடியும், மொத்தம் 67 லட்சத்து 11 ஆயிரம். மாசம் 1,929 ரூபாய் ஏத்த மறந்தா 13 லட்சம் போச்சு. வட்டி 10.5க்குப் போனா இன்னும் மோசம். ஒரு மாச வட்டியே 26,250, தவணை 26,035. கட்டக் கட்ட அசல் ஏறும்.

2023 ஆகஸ்ட்ல ரிசர்வ் வங்கி இதுக்கு ஒரு உத்தரவு போட்டிருக்கு. வட்டி மாறும்போது தவணையை ஏத்தவா, காலத்தை நீட்டவா, ரெண்டும் கலந்தான்னு கடன் வாங்கினவரைக் கேட்கணும். மூணு மாசத்துக்கு ஒரு தடவை இதுவரை போன அசல், வட்டி, மீதி இருக்கிற தவணை எண்ணிக்கை எல்லாம் போட்டு அறிக்கை கொடுக்கணும். அந்த அறிக்கையில ஒரே ஒரு வரியை மட்டும் பார்த்தாப் போதும்: மீதித் தவணை எத்தனை. போன தடவையைவிட மூணு குறையறதுக்குப் பதிலா ஏறியிருந்தா உடனே கிளைக்கு எழுத்துல கொடுங்க, 'காலத்தை நீட்ட வேண்டாம், தவணையை உயர்த்துங்கள்'னு.

இன்னொண்ணு. ரெப்போவுக்கு மேல வங்கி வெக்கிற கூடுதல் விகிதம் கடன் வாங்குற அன்னைக்கு முடிவாகுது. ரெண்டு வருஷம் கழிச்சுப் புதுசா வர்றவங்களுக்கு அதே வங்கி குறைவா கொடுக்கும், பழைய ஆளுக்குத் தானா குறையாது. ஒரு சின்னக் கட்டணம் கட்டி மாத்திக்கச் சொல்லிக் கேட்கணும். 30 லட்சத்துல அரை சதவீதம் வித்தியாசம்னா 20 வருஷத்துக்கு 2 லட்சத்து 30 ஆயிரம், கூச்சப்படாம கேளுங்க. வீட்டுக்கடன் கம்பெனிகளுக்கு இந்த ரெப்போ கட்டாயம் கிடையாது, அவங்க சொந்த அளவுகோல் வெச்சிருப்பாங்க. ரெப்போ இறங்கினாலும் அங்கே மெதுவாத்தான் இறங்கும். உங்களுக்கு வங்கியே கிடைச்சிருக்கு, அதுலயே நில்லுங்க.

பத்திரக்கட்டு

தம்பி, மனை அப்பா பேர்ல இருக்குன்னு சொன்னீங்க. அப்போ அப்பாவைக் கூட்டுக் கடன்தாரரா சேர்க்கணும், இல்லேன்னா மனையை உங்க பேருக்குத் தான செட்டில்மென்ட் எழுதணும். குடும்பத்துக்குள்ள செட்டில்மென்ட்டுக்கு முத்திரைத்தீர்வை மதிப்புல 1 சதவீதம், அதிகபட்சம் 40,000. பதிவுக் கட்டணம் 1 சதவீதம், அதிகபட்சம் 10,000. எழுதி முடிச்சதும் பட்டா மாறுதலையும் முடிச்சுக்கோங்க. பட்டா பழைய பேர்லயே இருந்தா வங்கி வக்கீல் லீகல் ஒப்பீனியன்ல அதையே எழுதிக் கட்டைத் திருப்பி அனுப்புவார்.

டிடிசிபி மனைன்னு சொன்னது பெரிய நிம்மதி. நம்ம பக்கத்துல வெறும் பஞ்சாயத்து அப்ரூவல் மனையை வாங்கிட்டு, வங்கி கைவிரிச்சதும் 11 சதவீதத்துக்குத் தனியார் கம்பெனிகிட்ட போறவங்க நிறைய. அதே 30 லட்சம், அதே 20 வருஷம், 11 சதவீதம்னா தவணை 30,966. மொத்தத்துல உங்களைவிட 11 லட்சத்து 83 ஆயிரம் கூடுதல். மனை மலிவா கிடைச்சதுன்னு நினைச்சது அங்கே போயிடும்.

இனி ஆரம்பச் செலவு. பத்திரத்தை அடமானமா ஒப்படைக்கிறதை, எம்ஓடின்னு சொல்வோம், சார்பதிவாளர் ஆபீஸ்ல பதியணும். முத்திரை அரை சதவீதம், பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 6,000. உங்களுக்கு 15,000மும் 6,000மும் சேர்ந்து 21,000. பின்னால வட்டி குறைவுன்னு வேற வங்கிக்குக் கடனை மாத்தினா இதைத் திரும்பக் கட்டணும், பழைய எம்ஓடிக்குக் கடன் தீர்ந்ததுன்னு ரசீது பத்திரமும் போடணும். வங்கி மாத்துற கணக்குல இதை யாரும் சேர்க்கிறதில்லை. பரிசீலனைக் கட்டணம், அதுக்கு 18 சதவீதம் ஜிஎஸ்டி, வக்கீல் கட்டணம், மதிப்பீட்டாளர் கட்டணம் தனி.

கட்டுமானக் கடன் ஒரே தடவையா வராது. பேஸ்மென்ட், லின்டல், ரூஃப், பூச்சுன்னு கட்டம் கட்டமா இன்ஜினியர் சான்றிதழ் பார்த்துத்தான் விடுவாங்க. அதுவரைக்கும் விட்ட பணத்துக்கு வட்டி மட்டும் கட்டுவீங்க, அசல்ல ஒரு ரூபாய் கழியாது. சராசரியா 15 லட்சம் ஒரு வருஷம் அப்படி நின்னா 1 லட்சத்து 27 ஆயிரத்து 500 ரூபாய். முதல்ல சொன்ன 62 லட்சத்துல இது கிடையாது. மேஸ்திரி இல்லாம, மணல் இல்லாம வேலை நாலு மாசம் நின்னா இதுவும் நாலு மாசம் நீளும். ஒரு கட்டத்தை முடிச்சுட்டு அடுத்ததைக் கேளுங்க, முன்கூட்டியே வாங்கிக் கணக்குல வெச்சுக்காதீங்க.

இன்சூரன்ஸ் விஷயம்: கடனோட அந்தக் காப்பீட்டைத்தான் வாங்கணும்னு சட்டம் எதுவும் இல்லை. 90,000ஐக் கடன்ல சேர்த்தா அதுக்கும் 8.5 சதவீத வட்டி. மாசம் 781 ரூபாய், 20 வருஷத்துல 1 லட்சத்து 87 ஆயிரம். காப்பீடு வேண்டாம்னு சொல்லலை. உங்க தலையில குடும்பம் இருக்கு, அவசியம் வேணும். ஆனா கடன் தொகைக்குக் குறையாம ஒரு டெர்ம் பாலிசியைத் தனியா எடுத்து வருஷா வருஷம் கட்டுங்க. கடன் சீக்கிரம் முடிஞ்சாலும், வங்கி மாறினாலும் அது உங்களோடயே இருக்கும்.

கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி கேஎஃப்எஸ் தாளை, அதாவது கடனோட முக்கிய விவரங்கள் எழுதின தாளை, கேட்டு வாங்குங்க. 2024 அக்டோபர்ல இருந்து அதைக் கொடுத்தே ஆகணும். அதுல ஏபிஆர்னு ஒரு சதவீதம் இருக்கும், வட்டியோட கட்டணங்களையும் சேர்த்துப் போட்டது. ரெண்டு வங்கியை ஒப்பிடணும்னா விளம்பர வட்டியை வெச்சு ஒப்பிடாதீங்க, அந்த ஏபிஆரை வெச்சு ஒப்பிடுங்க. தாள்ல இல்லாத கட்டணத்தை உங்க சம்மதமில்லாம பின்னால வசூலிக்க முடியாது.

கே_பட்டணம்

இவ்வளவு விவரமா எழுதினதுக்கு ரொம்ப நன்றிங்க. இன்சூரன்ஸைத் தனியா எடுத்துக்கறேன், 30 வருஷப் பேச்சையும் விட்டாச்சு. மாந்தோப்புப் பணத்தை என்ன செய்யலாம்? கடன்ல கட்டவா, எஃப்டி போடவா? சில வருஷம் காய்ப்பு இல்லாம பாதிதான் வரும்.

கணக்கன்

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கும் வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்ட அபராதம் கிடையாது. எப்போது கட்டுகிறீர்கள் என்பதுதான் முக்கியம். முதல் வருட முடிவில் ஒரே ஒரு தடவை 1 லட்சம் கட்டினால் கடைசியில் 18 தவணை குறையும். அந்த ஒரு லட்சம் போக நிகர மிச்சம் சுமார் 3 லட்சத்து 70 ஆயிரம். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் மிச்சம் 50 ஆயிரம்தான். ஆகவே முதல் ஏழெட்டு வருடத்துத் தோப்புப் பணத்துக்குத்தான் மதிப்பு அதிகம்.

காய்ப்பு குறைந்த வருடத்திலும் ஒரு தவணை அளவுக்காவது கட்டுங்கள். வருடத்துக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாகக் கட்டிக்கொண்டே வந்தாலே 20 வருடக் கடன் 16 வருடம் 9 மாதத்துக்குள் முடியும், சுமார் 6 லட்சம் மிச்சம்.

எஃப்டி வட்டிக்கு வருமான வரி உண்டு. கடனைக் கட்டுவது வரியில்லாமல் 8.5 சதவீதம் கிடைப்பதற்குச் சமம். நீங்கள் புதிய வரி முறையில் இருந்தால் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு விலக்கு இல்லை, எனவே இந்த ஒப்பீட்டில் சந்தேகமே வேண்டாம். பழைய முறையில் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு உண்டு. உங்கள் முதல் வருட வட்டி இரண்டரை லட்சம், வரம்புக்கு மேலே உள்ள பகுதிக்கு அங்கேயும் எதுவும் கிடைக்காது.

பென்னாகரத்தான்

கணக்கன் சார் சொன்னது சரி, ஒரு இடத்தில் மட்டும் எனக்கு மாற்றுக் கருத்து. 32 லட்சம் வட்டி என்பது 20 வருடத்துக்குப் பரந்து கிடக்கிற பணம். விலைவாசி வருடம் 5 சதவீதம் ஏறுவதாக வைத்தால், கடைசித் தவணை 26,035க்கு இன்றைய மதிப்பு 9,800 ரூபாய்தான். அதனால் கையிலிருக்கும் எல்லாவற்றையும் கடனில் கொட்டிவிட்டு வெறுங்கையோடு நிற்காதீர்கள். கடனில் போட்ட பணம் திரும்பி வராது. சிப்காட்டில் லே-ஆஃப் வந்தாலோ ஆஸ்பத்திரிச் செலவு வந்தாலோ 14 சதவீதத்துக்குத் தனிநபர் கடன் வாங்கவேண்டி வரும், சேமித்த வட்டி அதில் போய்விடும். முதல் வருடத் தோப்புப் பணத்தோடு குறைவதைச் சேர்த்து ஆறு மாதத் தவணை, 1 லட்சத்து 56 ஆயிரம், எஃப்டியில் வையுங்கள். இரண்டாம் வருடத்திலிருந்து கடனுக்குக் கட்டுங்கள்.

இரண்டும் வேண்டுமென்றால் ஓடி (ஓவர்டிராஃப்ட்) வகை வீட்டுக்கடன் இருக்கிறதா என்று கேளுங்கள். ஜூலையில் போட்ட பணத்துக்கு அன்றிலிருந்தே வட்டி குறையும், அவசரத்துக்கு எடுத்துக்கொள்ளவும் முடியும். வட்டி விகிதம் சற்றுக் கூடுதலாக இருக்கும். வருடத்துக்கு ஒரு தடவை மொத்தமாகப் பணம் வருகிறவருக்குத்தான் அது கட்டுப்படியாகும்.

கணக்கன்

ஒப்புக்கொள்கிறேன், கையிருப்பு முதலில். அப்படியானால் முன்கூட்டிக் கட்டுவது இரண்டாம் வருடத்தில் தொடங்கும், அதனால் பெரிய நஷ்டமில்லை.

பணம் கட்டும்போது ஒரு விஷயம். ஆன்லைனில் கடன் கணக்குக்கு அனுப்பிவிட்டால் சில வங்கிகளில் அது வரப்போகும் தவணைகளுக்கான முன்பணமாக நின்றுவிடும், வேறு சிலவற்றில் காலத்தை விட்டுவிட்டுத் தவணையைக் குறைத்துவிடுவார்கள். 'இந்தத் தொகையை அசலில் வரவு வைத்து, தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைக்கவும்' என்று கடிதம் கொடுத்து, நகலில் சீல் வாங்குங்கள். பத்து நாள் கழித்துப் புதிய தவணை அட்டவணையை எடுத்துப் பார்த்தால், கடைசித் தேதி முன்னால் வந்திருக்க வேண்டும்.

பத்திரக்கட்டு

கடன் முடிஞ்ச பிறகும் ஒரு வேலை பாக்கி இருக்கு தம்பி. முழுசா கட்டின 30 நாளுக்குள்ள மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தரணும், அவங்களால தாமதமானா நாளுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தரணும். பத்திரம் கைக்கு வந்ததும் ரசீது பத்திரம் பதிஞ்சு, வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்க. அதுல எம்ஓடி அடமானத்துக்குக் கீழே ரசீது பதிவு ஏறியிருக்கணும். அது ஏறாம இருந்தா, பின்னால வீட்டை விக்கப் போனாலும் மேல்கடன் கேட்டாலும் கடன் பாக்கி இருக்கிற மாதிரியேதான் தெரியும்.