கிராக்கோவ் போகிறவர்கள் நோவா ஹுட்டா சுற்றுலாவில் சேரலாமா?

ஊர்சுற்றி_மீனா

போன வாரம்தான் போலந்திலிருந்து திரும்பினேன். கிராக்கோவ் போகிறவர்கள் பெரும்பாலும் பழைய சந்தைச் சதுக்கம், வாவெல் கோட்டை, உப்புச் சுரங்கம் என்று பார்த்துவிட்டுக் கிளம்பிவிடுகிறார்கள். நாங்கள் அரை நாளை நோவா ஹுட்டாவுக்கு ஒதுக்கினோம். ‘புதிய உருக்காலை’ என்று பொருள். 1949இல் கம்யூனிஸ்ட் அரசு வயல்வெளியில் கட்டத் தொடங்கிய தொழிலாளர் நகரம். இரண்டே ஆண்டுகளில் கிராக்கோவோடு சேர்த்துவிட்டார்கள்.

வழிகாட்டி பழைய டிரபான்ட் காரில் வந்து எங்களை ஏற்றிக்கொண்டார். 26 குதிரைத்திறன் எஞ்சின், பிளாஸ்டிக் போன்ற உடம்பு, உள்ளே பெட்ரோல் வாசனை. மத்தியச் சதுக்கத்தில் நிறுத்தி, அங்கிருந்து பிரியும் ஐந்து அகலமான சாலைகளைக் காட்டினார். லெனின் சிலை நின்ற ரோஜாச் சாலை, உருக்காலையின் வாசல், எழுபதுகளில் இருந்தபடியே வைத்திருக்கும் ஒரு வீடு, கடைசியாகப் ‘பால் உணவகம்’ என்ற மலிவு விலைச் சாப்பாட்டுக் கடையில் பியெரோகி என்ற கொழுக்கட்டை. அந்த வீட்டில் ஒரு பழைய ரேஷன் அட்டையைக் கையில் கொடுத்தார். இறைச்சிக்கு வெட்டிக் கொடுக்கும் சின்னச் சின்னக் கட்டங்கள். எவ்வளவு படித்தும் வராத ஒரு புரிதல் அதைத் தொட்டபோது வந்தது. கட்டாயம் போங்கள்.

பழைய_தோழர்

மீனா, உங்கள் அனுபவத்தைக் குறை சொல்லவில்லை. இந்த வகைச் சுற்றுலாவைத்தான் ஏற்க முடியவில்லை. 35 வருடம் தொழிற்சங்கத்தில் இருந்தவன். 2017இல் மகள் வீட்டுக்குப் போனபோது நானும் இப்படி ஒன்றில் சேர்ந்தேன். இரண்டரை மணி நேரமும் சிரிப்புத்தான். கார் சிரிப்பு, சோபா சிரிப்பு, வரிசையில் நின்ற மக்களும் சிரிப்பு. அந்த வீட்டில் ஊறுகாய் வெள்ளரியும் வோட்காவும் கொடுத்து, ‘இவ்வளவுதான் அவர்களுக்கு மிச்சம்’ என்றார்கள்.

அந்த ஊருக்கு வந்தவர்கள் யார்? போரில் எல்லாம் இழந்த கிராமத்து ஏழைகள். ஓலைக் கூரையும் மண் தரையுமாக இருந்தவர்களுக்குக் குழாயில் தண்ணீர், வெந்நீர்க் கணப்பு, குழந்தைகள் காப்பகம், மருத்துவமனை, 1955இல் திறந்த ஒரு நாடக அரங்கம். எழுத்தறியாதவர்களுக்கு மாலை வகுப்பு நடத்தினார்கள். கட்டடக் கலைஞர் ததேயுஷ் ப்டாஷிட்ஸ்கியின் குழு குடியிருப்புகளை எப்படிப் போட்டிருக்கிறது பாருங்கள்: கடை, பள்ளி, காப்பகம் எல்லாம் நடந்து போகும் தூரத்தில், நடுவில் மரங்கள். வழிகாட்டி இதற்கு ஒரு நிமிடம்கூடக் கொடுக்கவில்லை.

கணக்கு_வாத்தியார்

தோழர், குழாய்த் தண்ணீர் கொடுத்தார்கள், சரி. அதோடு என்ன எடுத்துக்கொண்டார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். மொகிவா, ப்ளெஷுவ் கிராமங்களின் வளமான கரிசல் மண்ணை எடுத்துத்தான் ஆலை கட்டினார்கள். விவசாயிகளின் சம்மதத்தை யாரும் கேட்கவில்லை.

இறைச்சி ரேஷன் 1981இல் தொடங்கி 1989 வரை நடந்தது. சர்க்கரைக்கு 1976இலேயே அட்டை வந்துவிட்டது. உலகப் போர் முடிந்து 30 வருடம் கழித்து! அதே நேரத்தில் டாலர் வைத்திருந்தவனுக்கு பெவெக்ஸ் கடையில் எல்லாம் கிடைத்தது. சமத்துவம் பேசிய அரசு நடத்திய கடை அது. இதையெல்லாம் அந்த வீட்டில் நின்று கேட்டால் யாருக்கும் மறக்காது. ஒரு சுற்றுலா கொஞ்சம் சிரிக்க வைத்துத்தான் இதைச் சொல்லிக்கொடுக்கிறது என்றால் எனக்கு ஆட்சேபம் இல்லை. சொல்லாமல் விடுவதுதான் ஆபத்து.

பழைய_தோழர்

பெவெக்ஸ் கடையை நான் நியாயப்படுத்த மாட்டேன். அது வெட்கக்கேடு. ஆனால் வாத்தியார், உங்கள் பட்டியலில் மக்கள் எங்கே? வரிசை இருக்கிறது, அட்டை இருக்கிறது. வரிசையில் நின்றவள் வீட்டுக்குப் போய் என்ன சமைத்தாள், யாருக்காக நின்றாள் என்பது இல்லை.

விஸ்துலாக்கரை

எட்டு வருடமாக கிராக்கோவில் இருக்கிறேன். வேலை நகரத்தின் மறுபக்கம், வீடு நோவா ஹுட்டாவில். வாடகை குறைவு என்று வந்தவன், இப்போது போக மனமில்லாமல் இருக்கிறேன். அதனால் இந்தப் பேச்சு எனக்கு வேறு மாதிரி படுகிறது.

முதலில் ஒரு திருத்தம். டிரபான்ட் கிழக்கு ஜெர்மனியில் ட்ஸ்விக்காவ் நகரில் செய்த கார். போலந்துக்காரர்கள் பாசமாக ‘மாலுக்’, அதாவது பொடியன், என்று கூப்பிட்டது 1973இல் வந்த ஃபியட் 126பி-யை. அதற்கும் பணத்தைக் கட்டிவிட்டு வருடக்கணக்கில் காத்திருக்க வேண்டும். உருக்காலைக்காரர்கள் ஷிஃப்டுக்குப் போனது டிராமில். ஆக, டிரபான்ட் சவாரி இந்த ஊரின் நினைவு இல்லை. வெளியூர்க்காரர்கள் மனதில் இருக்கிற ‘கம்யூனிசம்’ என்ற படத்துக்குப் பொருத்தமான பொருள், அவ்வளவுதான்.

அடுத்து, இங்கே ஆட்கள் வாழ்கிறார்கள். கீழ் வீட்டுப் பாட்டிக்கு எண்பத்தைந்து வயது. அவர் கணவர் உருட்டாலையில் இருந்தவர். காலையில் ரொட்டி வாங்கப் போகும்போது சன்னலுக்கு நேரே காரை நிறுத்தி ‘பாருங்கள், இதுதான் சோசலிசக் குடியிருப்பு’ என்று படம் எடுக்கிறார்கள். அவர் என்னிடம் ஒரு நாள், ‘நான் என்ன மிருகக்காட்சி சாலையிலா இருக்கிறேன்?’ என்று கேட்டார். பதில் சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

ஊர்சுற்றி_மீனா

இதைப் படித்ததும் சங்கடமாகிவிட்டது. நாங்களும் ஒரு முற்றத்தில் நின்று படம் எடுத்தோம். பால்கனியில் ஒரு பெரியவர் இருந்தார், அவரைக் கேட்கவில்லை.

ஆனால் ஒன்று சொல்ல வேண்டும் விஸ்துலாக்கரை. அந்தக் கார் இல்லாவிட்டால் என் கணவரும் பிள்ளைகளும் அங்கே வந்தே இருக்க மாட்டார்கள். ‘உருக்காலை பார்க்கப் போகலாம்’ என்றால் யார் வருவார்கள்? எங்கள் வழிகாட்டி அந்த ஊரிலேயே பிறந்தவர். அப்பா ஆலையில் வேலை செய்தவராம். சிலுவைக்காக நடந்த சண்டையை அவர் சொன்ன விதத்தில் சிரிப்பே இல்லை.

கணக்கு_வாத்தியார்

அதைத்தான் நானும் சொல்ல வந்தேன். சிலுவைக் கதை தெரியாதவர்களுக்கு: இந்த ஊரைக் கோயிலே இல்லாத நகரமாகக் கட்டத்தான் திட்டம். 1956க்குப் பிறகு மக்கள் கேட்டுக் கேட்டு அனுமதி வாங்கி, இடத்தில் ஒரு மரச் சிலுவை நட்டார்கள். அப்புறம் அரசு அனுமதியைத் திரும்பப் பெற்று அங்கே பள்ளி கட்டப் போவதாகச் சொன்னது. 1960 ஏப்ரல் 27இல் சிலுவையைப் பிடுங்க ஆட்கள் வந்தபோது முதலில் தடுத்தவர்கள் பெண்கள். அன்று மாலை ஊரே தெருவில் இறங்கிப் போலீசோடு மோதியது. சிலுவையை அசைக்க முடியவில்லை.

பிறகு பியென்சிட்ஸெ பகுதியில் 1967இல் தொடங்கிப் பத்து வருடம் மக்களே கல் சுமந்து கட்டிய ‘ஆண்டவரின் பேழை’ ஆலயம். அதன் வெளிச்சுவரில் ஆற்றுக் கூழாங்கற்கள் பதித்திருக்கிறது. 1977 மே மாதம் அதை அர்ப்பணித்தவர் கார்டினல் கரோல் வொய்த்திவா. அடுத்த வருடமே அவர் போப் இரண்டாம் ஜான் பால். தோழர், உங்கள் ‘முன்மாதிரித் தொழிலாளர் நகரம்’ அந்த அரசைப் பற்றி என்ன நினைத்தது என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

பழைய_தோழர்

சிலுவையைக் காத்தவர்களும் தொழிலாளர்கள்தானே வாத்தியார்! உங்கள் சாட்சி என் பக்கமும் நிற்கிறது. ஒரு காலத்தில் ஏறக்குறைய 40,000 பேர் வேலை செய்த ஆலை அது, வருடத்துக்கு 60 லட்சம் டன்னுக்கு மேல் உருக்கு தந்தது. அந்தத் தொழிலாளர்கள்தான் 1980இல் சாலிடாரிட்டி என்ற சுதந்திரத் தொழிற்சங்கத்தில் திரண்டார்கள். 1988 ஏப்ரல் 26இல் வேலைநிறுத்தம் செய்தார்கள். மே 5 விடியுமுன் ஸோமோ என்ற கலவரத் தடுப்புப் போலீஸ் உள்ளே புகுந்து அடித்தது.

என் கொள்கை எதுவாக இருந்தாலும் இதை நான் மறைக்க மாட்டேன். தொழிலாளியின் பெயரில் ஆண்டவர்கள் தொழிலாளியை அடித்தார்கள். படிக்கிற காலத்தில் எனக்குத் தூக்கம் கெட்ட விஷயம் இது. நான் கேட்பது ஒன்றுதான்: நான் போன சுற்றுலாவில் இந்த வேலைநிறுத்தம் ஒரு வாக்கியமாகக்கூட வரவில்லை. வோட்கா வந்தது.

கணக்கு_வாத்தியார்

அப்படியென்றால் அது மோசமான சுற்றுலா. அதில் உங்களோடு சண்டை இல்லை. ஆனால் ஒரு மோசமான வழிகாட்டியை வைத்து மொத்தத்தையும் வேண்டாம் என்பது எப்படிச் சரி?

இரட்டைப்பிள்ளை_அப்பா

நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். அடுத்த மாதம் 11 வயது இரட்டையரோடு கிராக்கோவ் போகிறோம். வழிகாட்டி சொன்னதாக எங்கோ படித்தேன்: 1946 வாக்கெடுப்பில் கிராக்கோவ் மக்கள் கம்யூனிஸ்டுகளுக்கு எதிராக ஓட்டுப் போட்டதால், தண்டனையாகத்தான் பக்கத்திலேயே இந்த ஆலையைக் கட்டினார்களாம். உண்மையா?

விஸ்துலாக்கரை

பாதி உண்மை என்று சொல்லலாம். கிராக்கோவ் எதிராக ஓட்டுப் போட்டது நிஜம். படிப்பாளிகளும் பாதிரிமாரும் நிறைந்த பழைய நகரத்துக்குப் பக்கத்தில் பெரிய தொழிலாளர் கூட்டத்தை வைக்கும் எண்ணம் ஆட்சியாளர்களுக்குப் பிடித்திருக்கும் என்பதும் நம்பக்கூடியது. ஆனால் விஸ்துலா ஆற்றின் தண்ணீர், சமதளமான நிலம், கிட்டத்தில் சைலீசியாவின் நிலக்கரி, சுற்றிலும் வேலை தேடும் கிராமங்கள் என்ற காரணங்களும் இருந்தன. ‘தண்டனை’ என்பது சொல்வதற்குச் சுவையான கதை, அதனால் எல்லா வழிகாட்டிகளும் சொல்கிறார்கள். ஊர்க்காரர்களுக்கு அது வலிக்கும். ‘நாங்கள் பிறந்ததே ஒரு நகரத்தைத் தண்டிக்கவா?’ என்று என் அலுவலகத் தோழி ஒருத்தி கேட்டாள்.

வாத்தியாருக்கு: நான் சுற்றுலாவே வேண்டாம் என்று சொல்லவில்லை. நடந்து போகிற சுற்றுலா வேண்டும் என்கிறேன். காரில் போனால் இந்த ஊர் வரிசையான சாம்பல் கட்டடம். நடந்தால்தான் மறுமலர்ச்சிக் காலப் பாணியில் வளைவுகளும், உள்முற்றத்தில் பிள்ளைகள் விளையாடும் திடலும் தெரியும். ஆலையின் நிர்வாகக் கட்டடங்களுக்கு மாளிகை மாதிரி மேல்விளிம்பு வைத்திருப்பதைப் பார்த்தால், தொழிலாளிக்கு அரண்மனை என்று அவர்கள் நம்பிச் செய்தார்களா, காட்சிக்குச் செய்தார்களா என்ற கேள்வியே வரும். எனக்கு இன்னும் விடை இல்லை. அடியிலே போய்ப் பார்த்தால் அணுகுண்டுப் பயத்தில் கட்டிய பதுங்கு அறைகள். பழைய ஷ்வியாத்தோவித் திரையரங்கின் கீழே ஒன்று இருக்கிறது, அந்தக் கட்டடம் இப்போது அருங்காட்சியகம்.

2023இல் நோவா ஹுட்டாவை தேசிய வரலாற்று நினைவுச் சின்னமாக அறிவித்தார்கள். அன்று கீழ் வீட்டுப் பாட்டி கேக் செய்து மாடி முழுக்கக் கொடுத்தார். அந்த அரசை அவருக்குப் பிடிக்காது. 1982இல் அவர் தம்பியை விசாரணைக்கு இழுத்துப் போயிருக்கிறார்கள். இருந்தும் கேக் செய்தார். இரண்டையும் ஒரே சுற்றுலாவில் சொல்ல முடியாதா? எனக்கு வேண்டியது அதுதான்.

பழைய_தோழர்

இந்தக் கேக் பற்றிப் படித்தபோது கண் கலங்கிவிட்டது.

ஊர்சுற்றி_மீனா

லெனின் சிலை பற்றி எங்கள் வழிகாட்டி சொன்னது: 1973இல் வைத்தார்கள், 1979இல் யாரோ குண்டு வைத்ததில் காலில்தான் சேதம், 1989 டிசம்பரில் எடுத்துவிட்டார்கள், இப்போது ஸ்வீடனில் ஒரு பொழுதுபோக்குப் பூங்காவில். மத்தியச் சதுக்கத்துக்கு 2004இல் அமெரிக்க அதிபராக இருந்த ரொனால்ட் ரீகன் பெயர் வைத்திருக்கிறார்கள். தோழருக்கு இது எப்படி இருக்கும் என்று யோசித்தேன்.

பழைய_தோழர்

சிலையை எடுத்தது அவர்கள் உரிமை, அது அவர்கள் ஊர். ரீகன் பெயர்தான் எனக்கு ஒட்டவில்லை. அந்த இடத்துக்கு ஒரு கொத்தனாரின் பெயரோ, போக்தான் வ்வோசிக்கின் பெயரோ வைத்திருக்கலாம்.

இரட்டைப்பிள்ளை_அப்பா

அவர் யார்?

கணக்கு_வாத்தியார்

ஆலையில் வேலை செய்த இருபது வயதுப் பையன். 1982 அக்டோபர் 13, சாலிடாரிட்டியைச் சட்டவிரோதமாக அறிவித்ததை எதிர்த்து ஊர்வலம் நடந்த நாள். சாதாரண உடையில் இருந்த ரகசியப் போலீஸ்காரர் சுட்டுக் கொன்றார். ஆண்டவரின் பேழை ஆலயத்துக்குப் பக்கத்தில் அவருக்கு நினைவுச் சின்னம் இருக்கிறது. தோழர் இந்தப் பெயரைச் சொல்வார் என்று நான் எதிர்பார்க்கவில்லை. நன்றி ஐயா.

பழைய_தோழர்

தொழிலாளியைச் சுட்டால் யார் சுட்டாலும் என் பக்கம் தொழிலாளிதான். கார் சவாரி விஷயத்தில் மட்டும் நான் இறங்கி வரப் போவதில்லை, அதையும் எழுதிவிடுகிறேன்.

இரட்டைப்பிள்ளை_அப்பா

பிள்ளைகளுக்குக் கார் ஆசை. ஆனால் இவ்வளவு படித்த பிறகு முதலில் நடக்கலாம் என்று தோன்றுகிறது. எங்கே தொடங்குவது?

விஸ்துலாக்கரை

டிராமில் ஏறி மத்தியச் சதுக்கத்தில் இறங்குங்கள், நகர மையத்திலிருந்து அரை மணி நேரம். ரோஜாச் சாலை, அருங்காட்சியகம், அப்புறம் சிலுவை இருந்த டெயாட்ரால்னெ குடியிருப்பு, கடைசியில் பேழை ஆலயமும் வ்வோசிக் நினைவிடமும். நல்ல செருப்புப் போட்டுக்கொள்ளுங்கள். முற்றங்களில் ஆட்களைப் படம் எடுக்க வேண்டாம் என்று பிள்ளைகளிடம் சொல்லிவையுங்கள். ஞாயிற்றுக்கிழமை வருவதானால் இங்கே தனிச்செய்தி போடுங்கள், நானே கூட வருகிறேன். பாட்டியிடம் கேட்டுப் பார்க்கிறேன். மனம் இருந்தால் அவரே கணவர் வேலை செய்த கதையைச் சொல்வார், நான் தமிழில் சொல்கிறேன்.

ஊர்சுற்றி_மீனா

பாட்டியிடம் அந்த முற்றத்துப் படங்களை நான் அழித்துவிட்டேன் என்று சொல்லுங்கள்.