காமிக்-கான்: மாநாடா, கூடலா, திருவிழாவா?

*ம. எழுதியது:*
அன்பு நண்பர்களே, அமெரிக்காவில் காமிக்ஸ் ரசிகர்கள் கூடும் சான் டியாகோ காமிக்-கான் பற்றிய ஆவணப்படத்துக்குத் தமிழ்த் துணையுரை (சப்டைட்டில்) எழுதுகிறேன். வெள்ளிக்கிழமை கொடுத்தாக வேண்டும். ‘கான்’ என்பது ‘கன்வென்ஷன்’; அதை அப்படியே போட்டால் இடிக்கிறது. ‘ரசிகர் மாநாடு’ என்று போட்டால், எந்த நடிகர் கட்சி ஆரம்பிக்கிறார் என்று கேட்கிறார்கள். ‘படக்கதை விழா’ சரிப்படுமா?

*சே. எழுதியது:*
ரசிகர் வடசொல். காமிக்ஸை ‘வரைகதை’ ஆக்கி, ‘வரைகதைச் சுவைஞர் கூடல்’ எனலாம். படம் துணியைக் குறித்த சொல். பேகன் மயிலுக்கு ஈந்தானே படாஅம் என்ற போர்வை (புறம் 141), அதன் உறவு. வடமொழிப் ‘பட’த்துக்கு நாம் கொடுத்ததா, அங்கிருந்து வாங்கியதா என்பதைத் தனி இழையில் எழுதுகிறேன்.

*இ. எழுதியது:*
ஐயா, தனி இழையிலேயே இருக்கட்டும். கூடல் என்றால் மதுரைக்காரர் ஊர் என்பார், காமத்துப்பாலின் 1330ஆம் குறள் படித்தவர் சிரிப்பார். ‘படக்கதை’யும் வேண்டாம், இன்று படம் என்றால் சினிமாதான்.

காமிக்-கானில் நடந்ததும் அதுதானே, காமிக்ஸின் இடத்தைச் சினிமா பிடித்துக்கொண்டது. 1970 மார்ச்சில் ஓட்டல் அடித்தளத்தில் நூறு பேரோடு தொடங்கியது. 1976இலேயே ஸ்டார் வார்ஸ் விளம்பரக்காரர்கள் வந்து சிலைடு காட்டிப் போஸ்டர் விற்றார்கள்; படம் வந்தது மறு வருடம். இப்போது அங்குள்ள பெரிய அரங்கான ‘ஹால் எச்’சில் ஆறாயிரத்துக்கு மேல் இருக்கை, அதில் இடம் பிடிக்க முந்தின இரவே நடைபாதையில் படுக்கை. பழைய இதழ் தேடி வருகிறவர் கூட்டத்தில் நசுங்குகிறார். கதையும் தப்பவில்லை. ஸ்பைடர்மேனின் வலை, காமிக்ஸில் அவன் தானே செய்த கருவியிலிருந்து வந்தது. 2002 படத்தில் மணிக்கட்டிலிருந்தே பீறிட்டது. 2004இல் காமிக்ஸும் அப்படியே மாற்றிக்கொண்டது!

*சே. எழுதியது:*
ஒருவழிப் பாதை அல்ல. 2002இல் ‘அல்டிமேட்ஸ்’ காமிக்ஸ் இதழில் நிக் ஃபியூரி என்ற பாத்திரத்துக்கு நடிகர் சாமுவேல் ஜாக்சன் முகத்தை வரைந்தார்கள். 2008இல் திரையில் அவரே ஃபியூரியாக வந்தார். இதற்காகத்தான் சினிமா வாடை இல்லாத ‘வரைகதை’ வேண்டும் என்கிறேன்.

*கு. எழுதியது:*
வரைகதை என்றால் என் மாணவர்கள் கணக்கில் வரும் வரைபடமா என்கிறார்கள். லயன், முத்து என்ற தமிழ் காமிக்ஸ் இதழ்களைப் படித்து வளர்ந்த ஊரில் காமிக்ஸ் தமிழ்ச்சொல் ஆகி ரொம்ப நாளாயிற்று. ‘காமிக்ஸ் திருவிழா’. புத்தகத் திருவிழா மாதிரி யாருக்கும் புரியும்.

*இ. எழுதியது:*
சரி, எனக்கும் சம்மதம். திரையில் இரண்டு நொடிதான் நிற்கும்.

*ம. எழுதியது:*
‘காமிக்ஸ் திருவிழா’ என்றே கொடுத்துவிட்டேன். ஹால் எச் ‘எச் அரங்கு’ ஆயிற்று. அப்புறம், ரசிகர்கள் கதாபாத்திரம் போல வேடமிட்டு வரும் காஸ்ப்ளேக்கு ‘வேடங்கட்டல்’ எனலாமா?

*சே. எழுதியது:*
திருவிழாவுக்கு என் மறுப்பு நிற்கிறது. தேரும் சாமியும் எங்கே? வேடம் பற்றி நாளை விரிவாக எழுதுகிறேன்.