மில் கூரைக்குச் சோலார் போடலாமா? சம்பூர்ல இருந்து ஒரு கேள்வி

சம்பூர் மில்லுக்காரி:

எல்லாருக்கும் வணக்கம். திருகோணமலை மாவட்டத்துச் சம்பூர்ல வீட்டோட சேர்த்து ஒரு அரைக்கிற மில் வச்சிருக்கிறன். அரிசி மா, மிளகாய்த்தூள், மல்லி, சித்திரை வருசம் கிட்ட வந்தா உழுந்தும் பயறும். மாவுக்கு ஏழரை எச்.பி. மோட்டர், தூளுக்கு அஞ்சு எச்.பி. காலமை எட்டு மணிக்குத் திறந்தா பின்னேரம் நாலு மணி வரைக்கும் ஓடும். போன மாதக் கரண்ட் பில் 16,000 ரூபாயைத் தாண்டிட்டு. அதுதான் கூரைக்குச் சோலார் போடுவமோ எண்டு யோசிக்கிறன்.

ஏன் இவ்வளவு யோசிக்கிறன் எண்டு விளங்கப்படுத்த வேணும். 2006 சித்திரையில யுத்தத்தால ஊரை விட்டு ஓடேக்க என்ர மகளுக்கு மூண்டு வயசு. கட்டைபறிச்சான், பிறகு கிளிவெட்டி எண்டு பத்து வருசம் முகாம். எங்கட காணிப் பக்கம் 500 மெகாவோட்டில நிலக்கரி அனல்மின் நிலையம் கட்டப் போறாங்கள் எண்ட கதையை நாங்கள் கேட்டதே முகாமுக்குள்ள இருந்துதான். 2016ல திரும்பி வந்து பார்த்தா கிணறு தூர்ந்து கிடக்கு, வீடு நிண்ட இடத்தில நாயுண்ணிப் பத்தை. அனல்மின் நிலையம் வேண்டாம் எண்டு ரோட்டில நிண்ட சனத்தில நானும் ஒருத்தி. சாம்பல் எங்கட கிணத்தில விழும், சுடுதண்ணி கொட்டியாரக் குடாவில போய் மீன் அழியும் எண்டு பயந்தம். அந்த வருசம் புரட்டாதியில அந்தத் திட்டத்தைக் கைவிட்டாச்சு எண்டு செய்தி வரேக்க பத்திரகாளி அம்மனுக்குப் பொங்கினம்.

இப்ப அதே சம்பூருக்குச் சூரிய மின்சாரம் வருது. 2025 சித்திரை (ஏப்ரல்) 5ல ஆரம்பிச்சு வச்சாங்கள். முதல் 50 மெகாவோட், பிறகு 70, மொத்தம் 120. கரி வாற இடத்துக்கு வெயில் வருது எண்டா எனக்குச் சந்தோசம்தான். ஆனா எனக்கு விளங்காதது கொஞ்சம் கிடக்கு.

ஆரம்பிச்சு வச்ச அடுத்த கிழமையே, வருசப் பிறப்பு லீவு நாளில, கூரையில சோலார் போட்ட ஆக்களிட்டப் பின்னேரம் 3 மணி வரைக்கும் நிப்பாட்டி வைக்கச் சொல்லிக் கேட்டாங்கள். கரண்ட் மிஞ்சிப் போச்சாம். இரவில கரி எரிக்கிற நாட்டில பகல் கரண்ட் எப்பிடி மிஞ்சும்?

மற்றது, 2025 மாசி (பெப்ரவரி) 9ல நாடு முழுக்கக் கரண்ட் போன நேரம், பக்கத்து ரீச்சர் வீட்டில கூரை நிறையப் பனல், நல்ல வெயில், வீட்டுக்குள்ள ஃபேன் சுத்தேல்ல. அது ஏன்?

போன கிழமை ஒரு ஆள் மில்லுக்கு வந்து, பத்துக் கிலோவோட் போடுங்கோ, இனி உங்களுக்குக் கரண்ட் கட் எண்ட கதையே இல்லை, இண்டைக்கே கையெழுத்து வைச்சா விலை குறைச்சுத் தாறன் எண்டார். ரீச்சர் வீட்டை நினைச்சுப் பார்த்து நான் வைக்கேல்ல. செய்தது சரியோ?

பழைய லைன் ஆள்:

தங்கச்சி, கையெழுத்து வைக்காதது நல்ல வேலை. நான் முப்பது வருசம் மின் வேலையில இருந்தவன், இப்ப ஓய்வு, இருக்கிறது திருகோணமலை ரவுணில. தெரிஞ்சதைச் சொல்லுறன்.

முதல் ரீச்சர் வீடு. சாதாரணமா வீட்டுக்குப் போடுற இன்வேட்டர், அதான் பனல் கரண்டை வீட்டுக் கரண்டா மாத்துற பெட்டி, வெளி லைனைப் பார்த்துத்தான் ஓடும். லைன் செத்தா அதுவும் உடனே நிண்டிட வேணும். அது பழுதில்லை, வேணுமெண்டுதான் அப்பிடிச் செய்து வச்சிருக்கு. லைன் அறுந்திட்டு எண்டு ஒரு பெடியன் போஸ்டில ஏறி நிக்கிற நேரம் உங்கட கூரையில இருந்து கரண்ட் லைனுக்குப் போனா அவன்ர உயிர் போயிடும். கட்டான நேரமும் வேணுமெண்டா பற்றரியும், அதுக்கெண்டு வாற இன்வேட்டரும் போட வேணும். உங்கட ஏழரை எச்.பி. மோட்டர் ஸ்ரார்ட் எடுக்கேக்க ஓடுற கரண்டைப் போல அஞ்சாறு மடங்கு இழுக்கும். அதைத் தாங்குற பற்றரி போட்டா, மில்லையே வித்துக் கடன் கட்ட வேணும். வந்த ஆள் அதைச் சொல்லாமக் கையெழுத்துக் கேட்டது பிழை.

இனி, கரண்ட் மிஞ்சின கதை. மில்லில மிளகாயை ஒரேயடியாக் கொட்டினா மோட்டர் முனகிச் சுத்துக் குறையும், என்ன? ஒண்டும் போடாம விட்டா சத்தம் ஏறும். நாட்டு லைனும் அதே மாதிரித்தான். செக்கனுக்கு 50 சுத்து எண்ட கணக்கில நிக்க வேணும். எவ்வளவு எரிக்கிறமோ அவ்வளவைத்தான் அந்தந்த நேரம் உற்பத்தி செய்யலாம், சாக்கில கட்டி வைக்க ஏலாது. நுரைச்சோலைக் கரி மின் நிலையத்திலயும் விக்டோரியா நீர்மின் நிலையத்திலயும் சுத்துறது தொன் கணக்கான பாரம். லைனில ஒரு அடி விழுந்தா அந்தப் பாரம் கொஞ்ச நேரம் தாங்கிப் பிடிக்கும். சுவிட்சை நிப்பாட்டின பிறகும் உங்கட மில்லுக் கல்லுச் சுத்துமே, அது மாதிரி. பனலில சுத்துறதுக்கு ஒண்டும் இல்லை.

மாசி 9 ஒரு ஞாயிற்றுக்கிழமை. கந்தோரும் ஃபக்ரரியும் பூட்டு, பதினொரு மணி வெயில். எரிக்கிறது குறைவு, அதில பெரிய பங்கு சோலார், பாரமாச் சுத்துற மெசின் கொஞ்சம். அந்த நேரம் பாணந்துறை உப நிலையத்தில ஒரு தடங்கல். குரங்கு எண்டு அமைச்சரே சொன்னார். சனம் குரங்கைப் பார்த்துச் சிரிச்சுதுகள், ஆனா அந்த அடியைத் தாங்க லைனில பாரம் இல்லாததுதான் கதை. நுரைச்சோலையின்ர மூண்டு மெசினும், மொத்தம் 900 மெகாவோட், விழுந்து திரும்ப ஏற நாள்க் கணக்கு எடுத்தது. அடுத்தடுத்த நாள் ஒண்டரை மணித்தியால வெட்டு ஞாபகம் இருக்கும். அந்தப் பயத்திலதான் சித்திரை லீவுக்குக் கூரையை நிப்பாட்டச் சொன்னது.

இதில எனக்கும் கோவம் இருக்கு. 2016ல கூரைச் சோலாரைத் தூக்கிப் பிடிச்ச நேரம், முதல் ஏழு வருசம் யூனிற்றுக்கு 22 ரூபா, பிறகு 15.50 எண்டு காசு குடுத்துச் சனத்தைக் கூப்பிட்டம். கூரை ஆயிரம் மெகாவோட்டைத் தாண்டிட்டு. 2030ல மின்சாரத்தில நூற்றுக்கு 70 புதுப்பிக்கத்தக்கது எண்டும் எழுதி வச்சாச்சு. அதைத் தாங்கிற லைனும் பற்றரியும் அதே வேகத்தில வரேல்ல. எங்கட நாட்டில ஆகலும் கூட எரிக்கிறது பின்னேரம் ஆறரையில இருந்து பத்தரை வரைக்கும். அந்த நேரம் வெயில் இல்லை. பகல் வெயிலைப் பிடிச்சுக்கொண்டு காசல்றீ, விக்டோரியா நீர்த்தேக்கத் தண்ணியை இரவுக்கு மிச்சம் பிடிக்கலாம், அதுவே ஒரு பற்றரிதான். மழை பொய்ச்ச வருசம் அதுவும் காணாது.

உங்கட விசயத்துக்கு வாறன். நீங்கள் கரண்ட் எரிக்கிறது வெயில் நேரம். அந்த ஒண்டால நீங்கள் மற்றவையை விட நல்ல இடத்தில நிக்கிறீங்கள். ஒரு கிலோவோட் பனல் எங்கட பக்க வெயிலுக்கு நாளுக்குச் சராசரி நாலு யூனிற் தரும், மார்கழி மழைக்குக் குறையும். பத்துக் கிலோவோட்டை விடுங்கோ. ரெண்டு கிழமைக்கு மில் திறக்கேக்க ஒருக்கா, பூட்டேக்க ஒருக்கா மீற்றரைப் பார்த்து எழுதுங்கோ. பகலில எரிக்கிற அளவுக்கு மட்டும் போடுங்கோ. லைனுக்கு வித்து உழைக்கலாம் எண்ட கணக்கில கடன் எடுக்க வேண்டாம், அந்த விலையை மாத்திக்கொண்டே இருக்கிறாங்கள்.

முத்துநகர் வயல்:

அக்கா, நீங்க சந்தோசப்படுறது எனக்கு விளங்குது. எங்கட பக்கத்தையும் ஒருக்காப் பாருங்க. இதே மாவட்டத்து முத்துநகர்ல எங்கட வாப்பா காலத்தில இருந்து செய்த வயல். அரச காணி, சோலாருக்குக் குடுத்தாச்சு எண்டு ஒரு நாள் சொன்னாங்க. 2025ல நாங்க வயலையும் விட்டுட்டு ரவுணில போய்க் குந்தி இருந்து போராடினம். நான் சோலாருக்கு எதிரான ஆள் இல்ல. ஒரு மெகாவோட்டுக்கு நாலு அஞ்சு ஏக்கர் வேணும் எண்டு சொல்றாங்க. அப்ப உங்கட 120க்கு 500 ஏக்கர் கிட்ட. இந்த மாவட்டத்தில தண்ணி ஏறாத தரவை நிலம் எவ்வளவு கிடக்கு, பாடசாலைக் கூரை, நெல்லுக் களஞ்சியக் கூரை எவ்வளவு கிடக்கு. நெல்லு விளையிற நிலத்திலதான் பனல் நடோணுமா? நிலக்கரிக்குக் காணி போன வலி உங்களுக்குத் தெரியும்தானே அக்கா.

உப்புவெளிக் காத்து:

ஒரு சின்ன விசயம். கடல் கிட்ட எண்டா பனலைத் தாங்கிற சட்டத்துக்கு அலுமினியமும், நட்டு போல்ற்றுக்குத் துருப்பிடிக்காத உருக்கும்தான் எண்டு பேப்பரில எழுதி வாங்குங்கோ. என்ர விடுதிக் கூரையில சாதாரண போல்ற் போட்டிட்டாங்கள், மூண்டாம் வருசம் விரலால தட்ட உதிருது. உங்களுக்கு உப்போட மாத் தூசியும் படியும். கிழமைக்கு ஒருக்கா விடியக் காலமை, பனல் சூடேற முன்னம், தண்ணி அடிச்சுக் கழுவுங்கோ.

சம்பூர் மில்லுக்காரி:

ரெண்டு கிழமை கழிச்சு வாறன், எல்லாருக்கும் நன்றி. அண்ணா சொன்ன மாதிரி மில்லுச் சுவரில தொங்குற கலண்டரிலயே மீற்றர் எழுதினன். பகலுக்கு 31, 27, 34, வெள்ளிக்கிழமை 12, சனிக்கிழமை 41. இரவில வீட்டுக்கு மூண்டு நாலு யூனிற்தான். பத்துக் கிலோவோட்டுக் கதை சொன்ன ஆள் ஒருக்காலும் இதைக் கேக்கேல்ல. அஞ்சு கிலோவோட் போடுற எண்டு முடிவெடுத்திருக்கிறன். மிளகாய் அரைக்கிறதைப் பதினொண்டுக்கும் ரெண்டுக்கும் இடையில வச்சிருக்கிறன், சனத்துக்கும் சொல்லிட்டன்.

முத்துநகர்த் தம்பி, உங்கட கதையை வாசிச்சுப் போட்டு அண்டிரவு நித்திரை வரேல்ல. முகாமுக்குள்ள இருந்து எங்கட காணியின்ர கதையை மற்ற ஆக்களின்ர வாயால கேட்டவள் நான். எங்கட ஊர்ச் சங்கக் கூட்டம் வாற ஞாயிறு. அதில உங்கட வயல் கதையைச் சொல்லப் போறன். எங்கட பக்கப் பனல் வயலிலயும் புல்லு வெட்ட, பனல் கழுவ, காவலுக்கு எண்டு எடுக்கிற வேலையாவது சம்பூர்ப் பிள்ளையளுக்குத்தான் எண்டு எழுத்தில கேக்க இருக்கிறம். நீங்களும் ரெண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வாங்கோ. கோயிலடியில பின்னேரம் நாலு மணி.