கொத்தவில்லை, தொட்டுப் பார்த்தது

எங்கள் வீட்டு காக்கடீல் (கொண்டை உள்ள சிறு கிளி) வந்த புதிதில், விரலை நீட்டினாலே அலகைத் திறந்துகொண்டு வரும். கொத்தப் போகிறது என்று சட்டென்று கையை இழுத்துக்கொள்வேன். இரண்டு மாதம் இப்படியே போனது. கடைசியில் விரலைக் கண்டாலே பின்னால் நகர ஆரம்பித்துவிட்டது.

ஒருநாள் கூண்டுக்குள் புதுக் கிளை ஒன்றைக் கட்டிவிட்டு வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தேன். மெல்லப் பக்கத்தில் வந்தது. அலகால் கிளையைக் கவ்வி ஓர் அழுத்து அழுத்தியது. ஆடவில்லை என்று தெரிந்ததும் ஒரு காலை வைத்தது, அப்புறம் மறுகால். அட, என் விரலிலும் இதைத்தானே செய்ய வந்தது! கிளிக்கு அலகு இன்னொரு கால் மாதிரி. தாங்குமா தாங்காதா என்று முதலில் அதை வைத்துத்தான் பார்க்கும். ஏறப்போகும் நேரத்தில் கிளையே ஓடிப்போனால் அது எப்படி நம்பும்?

மறுநாள் கால்களுக்குச் சற்று மேலே, அடிவயிற்றை ஒட்டி விரலை ஆடாமல் வைத்தேன். அலகு பட்டது. பல்லைக் கடித்துக்கொண்டு நின்றேன், வலிக்கவே இல்லை. நான்காம் நாள் ஏறிவிட்டது. உங்கள் வீட்டில் எப்படி?

* * *

எங்களிடம் இருப்பது ஆப்பிரிக்கன் கிரே என்கிற சாம்பல் நிறக் கிளி. எப்போது பார்த்தாலும் ஒற்றைக் காலில் நிற்கும். அழகாக இருக்கிறதே என்று போட்டோ எடுத்து எல்லோருக்கும் அனுப்பிக்கொண்டிருந்தேன். ஓய்வெடுக்கும்போது கிளி ஒரு காலை இறகுக்குள் இழுத்து வைத்துக்கொள்வது இயல்புதான். ஆனால் காலை மாற்றி மாற்றி வைக்கும். எங்களுடையது இடது காலை மட்டும்தான் தூக்கிக்கொண்டிருந்தது. அதைக் கவனிக்கவே எனக்கு வெகுநாள் ஆயிற்று.

டாக்டர் பாதத்தைத் திருப்பிக் காட்டினார். அடியில் தோல் தேய்ந்து, சிவந்து, பளபளவென்று இருந்தது. காரணம் கூண்டோடு வந்த வழவழப்பான உருட்டுக் கம்பு. இரண்டு விரல் முன்னே, இரண்டு விரல் பின்னே என்று பிடித்து உட்காரும் பறவை அது. தூங்குவதும் அந்தக் காலில் நின்றபடிதான். கம்பு முழுக்க ஒரே தடிமனாக இருந்தால் பாரம் எப்போதும் அதே இடத்தில் விழுகிறது. போதாததற்கு, நகம் தேயட்டும் என்று இன்னொரு கம்புக்கு மணல்தாள் உறை வேறு போட்டிருந்தேன். நகத்தைவிடப் பாதம்தான் அதிகம் தேயும் என்று அதையும் கழற்றச் சொன்னார்.

இப்போது பட்டை உரிக்காத, கோணல்மாணலான கிளைகள் மூன்று, ஒவ்வொன்றும் ஒரு பருமன். விரல்கள் முக்கால் சுற்று சுற்றிப் பிடிக்க வேண்டும், முன் நகமும் பின் நகமும் முட்டிக்கொள்ளக் கூடாது. இதுதான் நான் வைத்திருக்கும் கணக்கு. சிவப்பு மறைய ஆறேழு வாரம் ஆனது.

* * *

உயரத்தில் உட்காரவிட்டால் கிளிக்குத் தலைக்கனம் ஏறிவிடும் என்று யாரோ சொன்னதைக் கேட்டு, எங்கள் கிளியின் கூண்டில் மேல் கம்பைக் கழற்றினேன். அன்றிரவு கூண்டின் கம்பியைப் பற்றித் தொங்கியபடியே தூங்கியது. அதற்கு உயரம் என்றால் பாதுகாப்பு. அதிகாரம் எல்லாம் நாம் கட்டிய கதை. மறுநாளே கம்பை மாட்டிவிட்டேன். விளக்கை அணைத்ததும் அலகை நறநறவென்று தேய்க்கும் சத்தம் திரும்ப வந்தது. நிம்மதியாகத் தூங்கப் போகிறது என்று அதற்கு அர்த்தம்.

* * *

என் கதை வேறு. எங்கள் கிளி ஒருநாள் காலை கம்பை விட்டு இறங்கித் தரையில் உட்கார்ந்திருந்தது. இறகை உப்பிக்கொண்டு, மூச்சுக்கு மூச்சு வால் ஏறி இறங்க. குளிராக இருக்கும் என்று துணி போர்த்திவிட்டு வேலைக்குப் போனேன். நோயை முடிந்தவரை மறைத்துக்கொண்டே இருக்கும் பறவை, கம்பைப் பிடிக்கத் தெம்பில்லாமல்தான் இறங்கியிருக்கிறது. மாலையில் தூக்கிக்கொண்டு ஓடியும் பயனில்லை. யாராவது இப்படிப் பார்த்தால் அந்த நிமிடமே கிளம்புங்கள்.

* * *

அக்கா, படித்ததும் மனசு கனத்துவிட்டது.

கிரே வைத்திருக்கும் அண்ணா சொன்னதைப் பார்த்துவிட்டு எங்களுடையதின் பாதத்தைப் புரட்டிப் பார்த்தேன், நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் தண்ணீர்க் கிண்ணத்துக்கு நேர் மேலே ஒரு கம்பைக் கட்டி வைத்திருக்கிறேன், எச்சம் அத்தனையும் தண்ணீரில். இத்தனை நாள் உறைக்கவே இல்லை! இப்போதுதான் தள்ளிக் கட்டினேன். இன்னும் கிட்டே போகவில்லை, எட்ட நின்று தலையைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்துக்கொண்டிருக்கிறது.