ஷகீராவின் 1998 ஆல்பம்: எங்கிருந்து கேட்கத் தொடங்கலாம்?

கேள்வி: ஷகீராவின் ஆங்கிலப் பாடல்களை மட்டுமே அறிந்த நான், 1998இல் வெளிவந்த 'டோன்டே எஸ்தான் லோஸ் லாட்ரோனெஸ்' என்ற ஸ்பானிய ஆல்பத்தைக் கேட்க விரும்புகிறேன். 'திருடர்கள் எங்கே' என்று பெயரிட்டதற்குக் காரணம் உண்டா? எந்தப் பாடலில் தொடங்கலாம்?

மறுமொழி 1: உண்டு. கொலம்பியாவின் பொகோட்டா விமான நிலையத்தில், புதிய பாடல் வரிகள் இருந்த அவருடைய பெட்டி திருடுபோனது. அட்டைப்படத்தில் அவருடைய கைகள் கறைபடிந்திருப்பதைக் கவனியுங்கள். திருடர் பட்டியலில் தம்மையும் சேர்த்துக்கொள்கிறார் என்றே நான் அதைப் புரிந்துகொள்கிறேன். லத்தீன் பாப் இசையில் பெயர்பெற்ற எமிலியோ எஸ்தெஃபான் நிர்வாகத் தயாரிப்பாளராக இருந்தும், கித்தாரை முன்னிறுத்தும் ராக் தன்மை மழுங்கவில்லை.

மறுமொழி 2: 'இனெவிதாப்லே' பாடலில் தொடங்குங்கள். தாழ்ந்த குரலில் ஒப்புதல் வாக்குமூலம்போல நகர்ந்து, பல்லவியில் வெடிக்கும் அப்பாடலே அவருடைய எழுத்தாற்றலுக்குச் சிறந்த சான்று. 'ஓஹோஸ் அசி' பாடலில் அவருடைய தந்தைவழி லெபனான் மரபு ஒலிக்கிறது. அரபு வரிகளும் உண்டு. நடனத்துக்காக மட்டும் அதைப் புகழ்வோரோடு எனக்கு உடன்பாடில்லை.

மறுமொழி 3: பிறகு, 1999இல் நியூயார்க்கில் பதிவான எம்டிவி அன்பிளக்டு (மின் ஒலிக்கருவிகளைக் குறைத்து நேரடியாகப் பாடும்) நிகழ்ச்சியையும் கேளுங்கள். பெரும்பாலும் இதே பாடல்கள்தான். ஆனால் 'சியேகா, சோர்தோமூதா' மரியாச்சி என்னும் மெக்சிகோ மரபிசைக் குழுவோடு புதிதாகிவிடுகிறது. அந்தப் பதிவுக்கு 2001இல் சிறந்த லத்தீன் பாப் ஆல்பத்துக்கான கிராமி கிடைத்தது.